பாட்டே இல்லாத படம், குருவே இல்லாத வீணை: யார் இந்த எஸ்.பாலசந்தர்?

1954-ம் ஆண்டு, ஏப்ரல் 13. சிவாஜி கணேசன் நடித்த புதுப்படம் ரிலீஸ். பாட்டு எப்படி இருக்கும், வசனம் எப்படி இருக்கும்னு ஆசையோடு தியேட்டருக்குப் போன ரசிகர்களுக்கு ஆரம்பத்திலேயே அதிர்ச்சி. துப்பாக்கி வெடிக்கிறது, சிவாஜி செத்து விழுகிறார். அதன்பிறகு கடைசி வரைக்கும் ஒரு பாட்டுகூட வரவில்லை. டான்ஸ் இல்லை, சண்டைக் காட்சியும் இல்லை.

அந்தப் படம்தான் ‘அந்த நாள்’. பாடலே இல்லாமல் வந்த முதல் தமிழ் பேசும்படம் என்று சினிமா வரலாற்றில் இடம்பிடித்த படம். அதை இயக்கியபோது எஸ்.பாலசந்தருக்கு வயது 27.

ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசவாவின் ‘ரஷோமோன்’ படம் அவரை எப்படிப் பிடித்து ஆட்டியது? வேலூருக்கும் இந்தப் படத்துக்கும் என்ன தொடர்பு? சினிமாவில் இவ்வளவு செய்தவர் ஏன் அதை விட்டுவிட்டு வீணையோடு உட்கார்ந்தார்? விரிவாகப் பார்ப்போம்.

எந்த பாலசந்தர்?

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். ‘அபூர்வ ராகங்கள்’ எடுத்தவர் கே.பாலசந்தர். அவர் 1930-ல் பிறந்து 2014-ல் மறைந்தவர். இங்கே நாம் பார்க்கப்போவது எஸ்.பாலசந்தர். 1927 ஜனவரி 18-ம் தேதி பிறந்தவர். நடிகர், இயக்குநர், இசையமைப்பாளர், வீணைக் கலைஞர் என்று பல முகங்கள் கொண்டவர். இசை உலகில் இவரை ‘வீணை பாலசந்தர்’ என்று சொன்னால்தான் தெரியும்.

பெயர் ஒன்றாக இருப்பதால், இவர் எடுத்த படங்களை அவர் கணக்கில் எழுதுவது இன்றைக்கும் சமூக வலைதளங்களில் நடக்கிறது.

குடும்பமே நடித்த முதல் படம்

அப்பா சுந்தரம் ஐயர் சென்னை மயிலாப்பூரில் வழக்கறிஞர். கலைகள் மீது பெரிய ஈடுபாடு கொண்டவர். பாபநாசம் சிவன் போன்ற இசைக் கலைஞர்கள் வந்துபோகும் வீடு அது. பிள்ளைகள் எல்லோருக்கும் சங்கீதம் வீட்டிலேயே கிடைத்தது.

1930-களில் தமிழ்ப் படம் எடுக்க வேண்டுமென்றால் பம்பாய், கல்கத்தா, கோலாப்பூர் என்று வெளியூர் ஸ்டுடியோக்களுக்குப் போக வேண்டும். அப்படி கோலாப்பூரின் பிரபாத் நிறுவனம் எடுத்த தமிழ்ப் படம்தான் 1934-ல் வெளிவந்த ‘சீதா கல்யாணம்’. இதில் அண்ணன் எஸ்.ராஜம் ராமர். அக்கா ஜெயலட்சுமி சீதை. அப்பா சுந்தரம் ஐயர் ஜனகர். சின்னப் பையன் பாலசந்தர், ராவணன் சபையில் கஞ்சிரா வாசிக்கும் சிறுவன். பாபநாசம் சிவன் சினிமாவுக்கு வந்ததும் இந்தப் படம் வழியாகத்தான்.

அண்ணனும் அக்காவும் ஜோடியாக நடித்தது அந்தக் காலத்தில் பேச்சுக்கு ஆளானது. அது வேறு கதை.

அண்ணன் ராஜத்தைப் பற்றி ஒரு விஷயம் சொல்லியாக வேண்டும். தியாகராஜர், முத்துசுவாமி தீட்சிதர், சியாமா சாஸ்திரி என்ற சங்கீத மும்மூர்த்திகளின் படம் பல வீடுகளிலும் சபாக்களிலும் மாட்டியிருக்கும். அந்த முகங்களை வரைந்து கொடுத்தவர் இந்த ராஜம்தான். மும்மூர்த்திகளும் வாழ்ந்தது புகைப்படம் நம்ம ஊரில் பரவுவதற்கு முன்பு. அதனால் ஓவியர் மனசில் பார்த்த முகத்தையே நாம் எல்லோரும் நிஜ முகமாக நம்பிக்கொண்டிருக்கிறோம். பார்ப்பது எது, நிஜம் எது என்ற கேள்வி இந்தக் குடும்பத்தில் தம்பியையும் சும்மா விடவில்லை.

குரு இல்லாமல் வீணை

கஞ்சிராவில் ஆரம்பித்த சிறுவன் தபலா, ஆர்மோனியம், சிதார் என்று கையில் கிடைத்த வாத்தியத்தை எல்லாம் வாசித்தான். யாரிடமும் முறையாகப் பாடம் கேட்டது கிடையாது. பதின்ம வயதிலேயே சென்னை வானொலி நிலையத்தில் கலைஞராக வேலை கிடைத்தது.

அங்கே இருந்த காலத்தில்தான் வீணை பக்கம் மனசு திரும்பியது. குரு பரம்பரை ரொம்ப முக்கியம் என்று நினைக்கும் கர்நாடக இசை உலகில், இவர் குருவே இல்லாமல் தானாகவே வீணை கற்றுக்கொண்டார். யார் மாணவர், எந்தப் பாணி என்று கேட்டால் காட்ட ஆள் இல்லை. பிற்காலத்தில் இதை அவர் குறையாக நினைக்கவில்லை. பெருமையாகவே சொல்லிக்கொண்டார்.

இன்னொரு பக்கம் சினிமா ஓடிக்கொண்டே இருந்தது. 1948-ல் வந்த ‘இது நிஜமா’ படத்தில் இரட்டை வேடத்தில் நடித்து, இசையும் அமைத்தார். அதே ஆண்டு வந்த ‘என் கணவர்’ மூலம் இயக்குநரானார். 1951-ல் ‘கைதி’ என்ற திகில் படத்தை எடுத்தார். ஏவிஎம் தயாரித்து 1954-ல் வந்த ‘பெண்’ படத்தில் நடிகராகவும் பேர் வாங்கினார். அதில் அவருக்காக ஜே.பி.சந்திரபாபு பாடிய கல்யாணப் பாட்டு இன்றைக்கும் பலருக்கு ஞாபகம் இருக்கிறது.

ரஷோமோன்: அப்படி என்ன இருக்கிறது?

1950-களின் தொடக்கத்தில் ஒரு திரைப்பட விழாவில் பாலசந்தர் ‘ரஷோமோன்’ பார்த்தார். குரோசவா 1950-ல் எடுத்த படம். அடுத்த ஆண்டே வெனிஸ் விழாவில் தங்கச் சிங்கம் விருது வாங்கி, ஜப்பானிய சினிமா பக்கம் உலகத்தைத் திரும்பிப் பார்க்க வைத்தது. ரியுனோசுகே அகுதாகவா என்ற எழுத்தாளரின் சிறுகதைகளை வைத்து எடுக்கப்பட்டது.

கதை எளிமையானது. காட்டுக்குள் ஒரு சாமுராய் செத்துக் கிடக்கிறான். என்ன நடந்தது என்று விசாரிக்கிறார்கள். கொள்ளைக்காரன் ஒரு கதை சொல்கிறான். சாமுராயின் மனைவி இன்னொரு கதை சொல்கிறாள். செத்துப்போன சாமுராயே ஆவியாக வந்து மூன்றாவது கதை சொல்கிறான். ஒளிந்திருந்து பார்த்த விறகுவெட்டி நான்காவது கதை சொல்கிறான். நான்கும் ஒன்றுக்கொன்று ஒத்துப்போகவில்லை.

சாதாரண துப்பறியும் கதையில் யார் பொய் சொன்னார்கள் என்று கடைசியில் தெரிந்துவிடும். ‘ரஷோமோன்’ அதைச் சொல்லாமலே முடிகிறது. மனுஷனுக்குத் தன்னைப் பற்றி ஒரு பிம்பம் இருக்கிறது, அதைக் காப்பாற்றிக்கொள்ள ஞாபகத்தையே மாற்றிக்கொள்கிறான் என்பதுதான் படத்தின் உள்விஷயம். ஒரே சம்பவத்தை ஆளுக்கு ஒரு விதமாகச் சொல்வதை ‘ரஷோமோன் எஃபெக்ட்’ என்று இன்றைக்கும் சொல்கிறார்கள். நம்ம ஊரில் 2004-ல் வந்த கமல்ஹாசனின் ‘விருமாண்டி’ பார்த்தவர்களுக்கு இந்த உத்தி சட்டென்று புரியும்.

வானொலி மறுத்த நாடகம்

இந்தக் கதை சொல்லும் முறை பாலசந்தரை விடவே இல்லை. அதே பாணியில் ஒரு நாடகம் எழுதினார். வானொலிக்குக் கொடுத்தார். அவர்கள் வேண்டாம் என்று திருப்பிவிட்டார்கள்.

அதே கதையை ஏவிஎம் நிறுவனர் ஏ.வி.மெய்யப்பனிடம் கொண்டுபோனார். மெய்யப்பன் சம்மதித்தார். திரைக்கதையையும் வசனத்தையும் ஜாவர் சீதாராமன் எழுதினார். பாட்டே வேண்டாம் என்பதில் பாலசந்தர் உறுதியாக இருந்தார். ஒரு படத்துக்குப் பத்து பாட்டு இருப்பது சாதாரணமாக இருந்த காலம் அது. பாட்டுப் புத்தகம் தியேட்டர் வாசலிலேயே விற்கும். அந்த நேரத்தில் பாட்டில்லாத படத்துக்குப் பணம் போடுவது சின்ன விஷயம் இல்லை.

இதில் கவனிக்க வேண்டியது, பாட்டு வேண்டாம் என்றவர் பாட்டு தெரியாதவர் இல்லை. ஊரறிந்த இசைக் கலைஞர். கொலை விசாரணை நடுவில் பாட்டு வந்தால், பார்ப்பவரின் சந்தேகம் கலைந்துபோகும் என்பது அவர் கணக்கு.

வேலூர் வழியாக வந்த ஹீரோ

ராஜன் என்ற முக்கிய வேடத்துக்கு முதலில் எஸ்.வி.சகஸ்ரநாமம் பேசப்பட்டார். வயது கூடுதலாகத் தெரிந்ததால் அது நடக்கவில்லை. அடுத்து கல்கத்தாவில் இருந்த தமிழ்ப் பேராசிரியர் என்.விஸ்வநாதனை வைத்துப் படப்பிடிப்பு நடந்தது. பிற்காலத்தில் சத்யஜித் ராயின் ‘காஞ்சன்ஜங்கா’வில் நடித்தவர் இவர்தான்.

எடுத்தவரைக்கும் போட்டுப் பார்த்த மெய்யப்பனுக்குத் திருப்தி இல்லை. சிவாஜி கணேசனை வைத்துத் திரும்ப எடுக்கலாம் என்றார். ஏற்கெனவே எடுத்ததைத் தூக்கிப் போட பாலசந்தருக்கு மனசில்லை. கடைசியில் மெய்யப்பன் சொன்னதுதான் நடந்தது. படத்துக்கு அது நல்லதாகவும் அமைந்தது.

இங்கேதான் வேலூர் வருகிறது. தோல் தொழிலுக்குப் பேர்போன வேலூர், ஆம்பூர், வாணியம்பாடி வட்டாரத்தில் அன்றைக்கு நாடகக் கம்பெனிகளுக்கு நல்ல வரவேற்பு. வேலூரில் சக்தி நாடக சபா ‘நூர்ஜஹான்’ நாடகம் போட்டபோது, நூர்ஜஹானாகப் பெண் வேடம் கட்டியவர் வி.சி.கணேசன் என்ற இளைஞர். வேலூரைச் சேர்ந்த நேஷனல் பிக்சர்ஸ் பி.ஏ.பெருமாள் முதலியார் அந்த நாடகத்தைப் பார்த்தார். அந்தப் பெண் வேடத்துக்குள் ஒரு கதாநாயகன் இருப்பது அவர் கண்ணுக்குத் தெரிந்தது.

ஏவிஎம்மோடு சேர்ந்து பெருமாள் எடுத்த ‘பராசக்தி’யில் கணேசனை நாயகனாக்கினார். படப்பிடிப்பு தொடங்கிய பிறகு, பையன் ஒல்லியாக இருக்கிறான், இவன் சரிப்பட மாட்டான் என்ற பேச்சு ஸ்டுடியோவில் எழுந்தது. மெய்யப்பனுக்கே நம்பிக்கை இல்லை. கே.ஆர்.ராமசாமியைப் போடலாம் என்ற யோசனையும் வந்தது. பெருமாள் அசையவில்லை. 1952 தீபாவளிக்குப் படம் வந்தது, அதன்பிறகு நடந்தது ஊருக்கே தெரியும். அந்த நன்றியை மறக்காமல் சிவாஜி ஒவ்வொரு பொங்கலுக்கும் வேலூரில் பெருமாள் வீட்டுக்குப் போய் மரியாதை செய்வதை வழக்கமாக வைத்திருந்தார்.

‘பராசக்தி’யில் சிவாஜியை மாற்றலாம் என்று நினைத்த அதே மெய்யப்பன், இரண்டே வருடத்தில் ‘அந்த நாள்’ படத்துக்கு இன்னொருவரை மாற்றிவிட்டு சிவாஜியைக் கொண்டுவந்தார். நடிகர் அதே ஆள்தான், பார்த்தவரின் கண்தான் மாறியிருந்தது. ‘ரஷோமோன்’ பேசும் விஷயம், படம் எடுத்த இடத்திலேயே நடந்துவிட்டது.

அந்த நாளில் நடந்தது என்ன?

இனி வருவது படத்தின் முடிவைச் சொல்லும் பகுதி. இன்னும் பார்க்காதவர்கள் அடுத்த தலைப்பையும் சேர்த்துத் தாண்டிவிடலாம்.

கதை நடப்பது 1943 அக்டோபர். இரண்டாம் உலகப் போர் நேரம். அந்த அக்டோபரில் ஜப்பான் விமானம் ஒன்று சென்னை மீது குண்டு வீசியது நிஜமாகவே நடந்த சம்பவம். சேதம் பெரிதாக இல்லை என்றாலும் நகரமே பயத்தில் இருந்தது. அந்தப் பயத்தைத்தான் பாலசந்தர் கதைக்குப் பின்னணியாக எடுத்துக்கொண்டார். ஜப்பான் படத்தைப் பார்த்து உருவான தமிழ்ப் படம், ஜப்பான் குண்டு வீசிய நேரத்தில் நடக்கிறது!

ரேடியோ இன்ஜினியர் ராஜன் தன் வீட்டில் சுடப்பட்டு இறக்கிறான். துப்பறியும் அதிகாரி சிவானந்தமாக ஜாவர் சீதாராமனே நடித்தார். பக்கத்து வீட்டுக்காரர், ராஜனின் தம்பி, தம்பி மனைவி, ராஜனோடு தொடர்பில் இருந்த நாட்டியக்காரி, ராஜனின் மனைவி உஷா என ஒவ்வொருவரிடமும் விசாரணை. பக்கத்து வீட்டுக்காரர் தம்பியைக் கைகாட்டுகிறார். தம்பியோ தன் மனைவியையே சந்தேகிக்கிறான். ஒவ்வொருவர் வாக்குமூலத்திலும் ராஜன் வேறு வேறு ஆளாகத் தெரிகிறான்.

உண்மை கடைசியில் வெளிவருகிறது. ராஜன் நாட்டை ஜப்பானுக்குக் காட்டிக்கொடுத்த உளவாளி. அதைக் கண்டுபிடிப்பது தேசபக்தி கொண்ட அவன் மனைவி உஷா. அவள் கையில் இருந்த துப்பாக்கிதான் அவன் உயிரைப் பறிக்கிறது. ‘பராசக்தி’யில் சிவாஜிக்கு ஜோடியாக நடித்த பண்டரிபாய்தான் இந்த உஷா.

மாருதிராவின் கேமரா இந்தக் கதைக்குப் பெரிய பலம். பாதி வெளிச்சம், பாதி நிழலில் முகங்களைக் காட்டி, யாரை நம்புவது என்ற சந்தேகத்தைக் கடைசி வரை தக்கவைத்தார். கறுப்பு வெள்ளைப் படத்தில் ஒளியை இப்படிப் பயன்படுத்தியதற்காகவே சினிமா மாணவர்கள் இன்றும் இந்தப் படத்தைப் பார்க்கிறார்கள்.

‘ரஷோமோன்’ காப்பியா?

இந்தக் கேள்வி அன்றிலிருந்து இருக்கிறது. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் வித்தியாசம் புரியும்.

‘ரஷோமோன்’ படத்தில் கொள்ளைக்காரன் நான்தான் கொன்றேன் என்கிறான். மனைவியின் கதையில் கத்தி அவள் கையில் இருக்கிறது. சாமுராயின் ஆவி, நானே என் உயிரை எடுத்துக்கொண்டேன் என்கிறது. அதாவது எல்லோரும் பழியைத் தன் பக்கம் இழுத்துக்கொள்கிறார்கள். கோழை என்று பேர் வாங்குவதைவிடக் கொலைகாரன் என்று பேர் வாங்கலாம் என்ற மனநிலை.

‘அந்த நாள்’ படத்தில் அப்படியே தலைகீழ். ஒவ்வொருவரும் பழியை அடுத்தவர் மேல் போடுகிறார்கள். ஒரே வீட்டுக்குள் சொத்து, பணம், பொறாமை என்று புகைந்துகொண்டிருந்ததெல்லாம் விசாரணையில் வெளியே வருகிறது. இது நம்ம கூட்டுக் குடும்பக் கதை.

முடிவிலும் வித்தியாசம் உண்டு. குரோசவா உண்மையைச் சொல்லாமல் விட்டார். பாலசந்தர் உண்மையைக் கண்டுபிடித்துக் காட்டினார். அதனால்தான் சில திரைப்பட ஆய்வாளர்கள், அதே 1950-ல் வந்த ‘தி வுமன் இன் கொஸ்டின்’ என்ற பிரிட்டிஷ் படத்துக்குத்தான் இது இன்னும் நெருக்கம் என்கிறார்கள்.

உண்மை என்று ஒன்று உறுதியாக இருக்கிறது, தேடினால் கிடைக்கும் என்ற நம்பிக்கை பாலசந்தருக்கு இருந்தது. இந்த நம்பிக்கை பின்னால் அவர் வாழ்க்கையில் பெரிய புயலைக் கிளப்பியது.

தியேட்டரில் என்ன ஆச்சு?

பத்திரிகைகள் பாராட்டின. தியேட்டர்களில் எதிர்பார்த்த கூட்டம் வரவில்லை. பாட்டு இல்லை, ஹீரோ ஆரம்பத்திலேயே சாகிறார், அவரே துரோகி வேறு என்பதை அன்றைய ரசிகர்கள் பலரால் ஏற்க முடியவில்லை. வசூலில் படம் ஏமாற்றமே தந்தது.

ஆனால் 2-வது தேசியத் திரைப்பட விருதுகளில் ‘அந்த நாள்’ தகுதிச் சான்றிதழ் பெற்றது. அந்த ஆண்டு தமிழில் ஜனாதிபதியின் வெள்ளிப் பதக்கம் வாங்கிய படம் எம்.ஜி.ஆர் நடித்த ‘மலைக்கள்ளன்’. அன்றைக்கு வசூலில் தோற்ற படத்தை 70 வருடம் தாண்டியும் பேசிக்கொண்டிருக்கிறோம்.

எல்லாப் படத்திலும் ஒரே கேள்வி

பாலசந்தர் சம்பந்தப்பட்ட படங்களின் பெயர்களை வரிசையாகப் பார்த்தால் ஒரு விஷயம் புலப்படும். 1948-ல் ‘இது நிஜமா’. 1956-ல் தெலுங்கில் இயக்கிய ‘ஏதி நிஜம்’, அதாவது எது உண்மை. 1962-ல் ‘அவனா இவன்’. மனுஷன் விடாமல் ஒரே கேள்வியைக் கேட்டுக்கொண்டே இருந்திருக்கிறார்!

1964-ல் வந்த ‘பொம்மை’ இன்னொரு திகில் படம். பொம்மைக்குள் வெடிகுண்டு வைத்து அனுப்புகிறார்கள், அது கை மாறிக் கை மாறிப் போகிறது. கே.ஜே.யேசுதாஸின் குரல் தமிழ் ரசிகர்களுக்கு முதன்முதலில் அறிமுகமானது இந்தப் படத்தில்தான். படத்தின் முடிவில் நடிகர்களையும் தொழில்நுட்பக் கலைஞர்களையும் பாலசந்தரே திரையில் தோன்றி அறிமுகப்படுத்துவார். திரைக்குப் பின்னால் உழைப்பவர்களின் முகத்தைக் காட்ட அன்றைக்கு யோசித்தவர்கள் ரொம்பக் குறைவு.

கடைசியாக 1970-ல் ‘நடு இரவில்’ வெளியானது. தனித்தீவு போன்ற பங்களா, ஒவ்வொருவராகச் சாகிறார்கள், கொலைகாரன் உள்ளேயே இருக்கிறான். அகதா கிறிஸ்டியின் புகழ்பெற்ற நாவலைத் தழுவிய படம். அதோடு சினிமாவுக்கு முழுக்குப் போட்டார்.

வீணையில் என்ன புதுசு?

வீணையில் 24 மெட்டுகள் இருக்கும். விரலை மெட்டு மெட்டாக நகர்த்தி ஸ்வரங்களை வாசிப்பது ஒரு முறை. ஒரே மெட்டில் விரலை வைத்து, தந்தியைப் பக்கவாட்டில் இழுத்து அடுத்தடுத்த ஸ்வரங்களைக் கொண்டுவருவது இன்னொரு முறை. இப்படி இழுக்கும்போது வரும் ஒலி, மனுஷக் குரல் குழைவதைப் போலவே இருக்கும். பாலசந்தர் இந்த இழுப்பை யாரும் போகாத தூரத்துக்குக் கொண்டுபோனார். ஒரே மெட்டில் நான்கைந்து ஸ்வரங்களைத் தொடுவது அவருக்குக் கைவந்த கலை.

சிலர் இதைப் புரட்சி என்றார்கள். மரபு கெடுகிறது என்று முகம் சுளித்தவர்களும் உண்டு. வெளிநாடுகளிலும் கச்சேரிகள் செய்தார். அமெரிக்க நிறுவனங்கள் இவர் வீணையை எல்.பி. ரெக்கார்டுகளாக வெளியிட்டன. கர்நாடக இசையின் 72 மேளகர்த்தா ராகங்களையும் வீணையில் வாசித்துப் பதிவு செய்தது அவரது பெரிய உழைப்புகளில் ஒன்று. 1982-ல் பத்மபூஷண் கிடைத்தது.

சுவாதித் திருநாள் சர்ச்சை

பாலசந்தருக்குத் தப்பு என்று பட்டால் வாயை மூடிக்கொண்டு இருக்கத் தெரியாது. புது ராகங்களை உருவாக்கியதாக பாலமுரளி கிருஷ்ணா சொன்னபோது அதை வெளிப்படையாக எதிர்த்தார்.

1980-களில் அதைவிடப் பெரிய சண்டைக்குப் போனார். திருவிதாங்கூர் மன்னர் சுவாதித் திருநாள் 1813-ல் பிறந்து 1846-ல் மறைந்தவர். நூற்றுக்கணக்கான பாடல்களை இயற்றியவராகப் போற்றப்படுபவர். அந்தப் பாடல்கள் அவருடையவையே அல்ல, பிற்காலத்தில் அவர் பேரில் கட்டிவிட்டார்கள் என்று பாலசந்தர் குற்றம்சாட்டினார். ஆவணங்களைத் தேடினார், கடிதம் மேல் கடிதம் எழுதினார், பத்திரிகைகளில் மோதினார். சுவாதித் திருநாள் பாடல்களை மேடைகளில் பரப்பிய செம்மங்குடி சீனிவாச ஐயர் போன்ற மூத்த கலைஞர்களோடு நேரடியாகவே மோதல் வந்தது. கேரளத்தில் கடும் கோபம் எழுந்தது.

இதில் எது உண்மை? சுவாதித் திருநாள் பாடல்கள் இயற்றியவர் என்பதை இசை ஆய்வாளர்கள் பெரும்பாலும் ஏற்கிறார்கள். அதேநேரம், பல பாடல்களின் பழைய மெட்டு மறைந்துபோய், 20-ம் நூற்றாண்டில் வந்த வித்வான்கள் புதிதாக மெட்டமைத்தார்கள் என்பதும் ஏற்றுக்கொள்ளப்பட்ட விஷயம். அதாவது இன்றைக்கு நாம் கேட்கும் வடிவம் எவ்வளவு பழசு என்று அவர் எழுப்பிய கேள்விக்கு அர்த்தம் இருந்தது. மொத்தமும் மோசடி என்று அவர் போட்ட தீர்ப்புதான் நிற்கவில்லை.

ஐந்து பேர் ஐந்து விதமாகப் பார்ப்பார்கள் என்று படம் எடுத்துக் காட்டியவர், இந்த விஷயத்தில் தன் பார்வை மட்டுமே உண்மை என்று பிடிவாதமாக நின்றார். கச்சேரிக்கும் வீணைக்கும் போயிருக்க வேண்டிய வருடங்கள் கடிதங்களுக்கும் வாதங்களுக்கும் போயின. இசை உலகில் நண்பர்களை இழந்தார். சென்னை மியூசிக் அகாடமியின் சங்கீத கலாநிதி விருது அவருக்குக் கிடைக்காமலே போனது.

ஆனால் அந்தப் பிடிவாதம் இல்லாத பாலசந்தரைக் கற்பனை செய்து பார்த்தால், பாட்டில்லாத ‘அந்த நாள்’ வந்திருக்காது. குருவே இல்லாமல் வீணையை எடுத்திருக்கவும் மாட்டார். எல்லோரும் சொல்வதை அப்படியே நம்ப மாட்டேன் என்ற ஒரே குணம்தான் மூன்று இடத்திலும் வேலை செய்திருக்கிறது. முதல் இரண்டில் ஜெயிக்க வைத்தது, மூன்றாவதில் தனியாக நிற்க வைத்தது.

ஏப்ரல் 13

1990-ல் சத்தீஸ்கர் மாநிலம் உருவாகவில்லை, பிலாய் நகரம் மத்தியப் பிரதேசத்தில் இருந்தது. அங்கே சென்றிருந்தபோது பாலசந்தர் காலமானார். அவருக்கு வயது 63. தேதி ஏப்ரல் 13. சரியாக 36 வருடம் முன்பு ‘அந்த நாள்’ ரிலீஸான அதே தேதி.

அவரது 72 ராகப் பதிவுகளை இசை மாணவர்கள் இன்றும் தேடிக் கேட்கிறார்கள். ‘அந்த நாள்’ பார்க்க உட்காருகிறவர்களுக்கு ஒரே ஒரு குறிப்பு: படம் இரண்டு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேல். ஒவ்வொரு வாக்குமூலம் முடிந்ததும், இவர் எதைப் பார்த்தார், எதைப் பார்த்ததாக நினைத்துக்கொண்டார் என்று பிரித்துப் பாருங்கள். கொலைகாரர் யார் என்று முன்பே தெரிந்திருந்தாலும் படம் சுவாரஸ்யமாகவே இருக்கும்.